புதுப்பிப்பு: ஜீவனாம்ச நிலுவைக்கு அவமதிப்பு மனு போடலாமா?

உத்தரவு போட்டும் கணவர் ஜீவனாம்சப் பணம் கட்டாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம் என்று முன்பு எழுதியிருந்தேன். அதுவும் ஒரு வழிதான், ஆனால் முதல் படி அதுவல்ல.

முதலில் உத்தரவு போட்ட நீதிமன்றத்திலேயே நிறைவேற்று மனு (உத்தரவை அமல்படுத்தக் கேட்கும் மனு) போடுங்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 125(3), இப்போது அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 144(3). இங்கே கோட்டை விடுவது காலக்கெடுவில்தான்: ஒவ்வொரு மாதத் தொகைக்கும் அது கட்ட வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு இருக்க வேண்டும். மாதம் 10,000 வீதம் 18 மாதப் பாக்கி என்றால் வாரண்டில் (பாக்கியை வசூலிக்க நீதிமன்றம் தரும் ஆணை) கேட்க முடிவது 1,20,000 மட்டுமே. மீதி 60,000 செத்துப்போகாது; உச்ச நீதிமன்றத்தின் ரஜ்னேஷ் எதிர் நேஹா (2020) தீர்ப்பின்படி சிவில் பணத் தீர்ப்பாணை (பணம் கட்டச் சொல்லும் சிவில் தீர்ப்பு) போல, சம்பள ஜப்தி மூலம் கேட்கலாம்.

மனுவோடு மாதம், கட்ட வேண்டியது, கட்டியது, பாக்கி என நான்கு பத்தி அட்டவணையும் பாஸ்புக் நகலும் வையுங்கள். பாக்கிக்காகக் கணவர் சிறைக்குப் போய் வந்தாலும் அந்தக் கடன் தீராது.

அவமதிப்பு மனு உயர் நீதிமன்றத்துக்கு, அதுவும் ஒரு வருடத்துக்குள். பணம் இருந்தும் வேண்டுமென்றே கட்டவில்லை என்று காட்ட வேண்டும். சம்பளச் சீட்டு, வருமான வரிக் கணக்கு இல்லாமல் போனால் நிற்காது. அதிகபட்சம் 6 மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். அந்த அபராதம் உங்கள் கைக்கு வராது.