காலைப் பசியாற உப்புக் கஞ்சி: அளவு சொல்லுங்களேன்

வணக்கம். சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன். அப்பாவுக்கு இனிப்புநீர் (நீரிழிவு). காலையில் நாசி லெமாக், ரொட்டி சானாய் எல்லாம் நிறுத்தியாச்சு. வெறும் கஞ்சி வைத்தால் இரண்டு வாயோடு எழுந்துவிடுகிறார்.

அதனால் நோன்புக் கஞ்சிக்குப் போடுவதுபோல் வெந்தயமும் பூண்டும் சேர்த்து, ஒரு தண்டு செராயை (எலுமிச்சைப்புல்) தட்டிப் போட்டு வேகவைக்கிறேன். மேலே சீனர் கடைப் பாணியில் மெல்லிசாக நறுக்கிய இஞ்சி, வறுத்த நெத்திலி. முருங்கைக்கீரையை அடுப்பை அணைக்கும் நேரத்தில் போட்டால் பச்சை மாறுவதில்லை. வாசனையிலேயே அப்பா வந்து உட்கார்ந்துவிடுவார்!

சிக்கல் அரிசியில்தான். வெள்ளை அரிசியைக் குழைய வேகவிட்டால் சர்க்கரை சட்டென்று ஏறும். பழுப்பரிசியோ, ஊறவைத்தாலும் பருக்கை பருக்கையாக நிற்கிறது, அவருக்கு மெல்ல முடியவில்லை. பார்லியோ பாசிப்பயறோ கலந்து செய்கிறவர்கள் இருந்தால், 1 கப் பழுப்பரிசிக்கு எவ்வளவு, தண்ணீர் எவ்வளவு என்று சொல்லுங்கள். விடியற்காலையில் தோட்டத்து வேலைக்குக் கிளம்புவதால் இரவே வைத்துவிடும் வழி இருந்தால் ரொம்ப நல்லது.

அப்புறம், நெத்திலியின் உப்பைக் குறைக்க வெந்நீரில் அலசினால் போதுமா? அவருக்கு ரத்த அழுத்தமும் இருக்கிறது.