அமீரகத்துக்குப் புதிதாக வந்திருக்கும் நம்மவர்களுக்கு: கிராஜுவிட்டிக் கணக்கு

கேள்வி (ஷார்ஜாவிலிருந்து ஒரு தம்பி)

அண்ணா, வணக்கம். சொந்த ஊர் திருச்சிப் பக்கம். இங்கே வந்து சில வாரங்கள்தான் ஆகின்றன. ஸ்டோர் கீப்பர் வேலைக்கு இரண்டு ஆஃபர் லெட்டர்கள் கையில் இருக்கின்றன. இரண்டிலும் மொத்தச் சம்பளம் 5,000 திர்ஹம். ஒன்றில் பேசிக், அதாவது அடிப்படைச் சம்பளம், 3,000. மற்றொன்றில் 1,500, மீதியெல்லாம் அலவன்ஸ். மொத்தம் ஒன்றாக இருக்கும்போது எதில் கையெழுத்துப் போட்டால் என்ன என்று அறையில் இருப்பவர்கள் சொல்கிறார்கள். ஐந்து ஆண்டு முடித்தால்தான் கிராஜுவிட்டி என்று ஊரிலிருந்து அப்பா சொல்கிறார். எது சரி?

பதில்

தம்பி, மற்றவை சமமாக இருந்தால் 3,000 பேசிக் உள்ளதில் கையெழுத்துப் போடுங்கள். இதில் யோசிக்க ஒன்றுமில்லை. கிராஜுவிட்டி, அதாவது வேலையை விட்டுப் போகும்போது நிறுவனம் தரும் பணிக்கொடை, அலவன்ஸ் சேராத பேசிக்கை வைத்தே கணக்கிடப்படுகிறது. நான் துபாயில் சம்பளக் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கிறேன். வேலையை விட்டுப் போகிறவர்களின் கடைசிக் கணக்கைப் போட்டுக் கொடுப்பது என் வேலையில் ஒரு பகுதி. எதிரே உட்கார்ந்து "இவ்வளவுதானா?" என்று கேட்பவர்களில் பெரும்பாலோர், வேலையில் சேர்ந்த அன்று பேசிக் என்ற வரியைக் கவனிக்காமல் விட்டவர்கள். அதனால்தான் புதிதாக வந்திருக்கும் உங்களிடம் இதை இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன்.

அப்பா சொன்னது ஊர்க் கணக்கு. இந்தியாவின் 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் ஐந்து ஆண்டுத் தொடர் பணியை வரம்பாக வைத்தது. இலங்கையின் 1983-ஆம் ஆண்டுச் சட்டமும் அப்படியே. ஐக்கிய அரபு அமீரகத்தில் ஓராண்டு முடித்தால் போதும்.

இங்கே நடைமுறையில் இருப்பது 2021-ஆம் ஆண்டின் 33-ஆம் எண் தொழிலாளர் சட்டம். 2022 பிப்ரவரி 2-ஆம் தேதி அமலுக்கு வந்தது. அதன் 51-ஆவது பிரிவின்படி, முழுநேர வேலையில் ஓராண்டை நிறைவுசெய்த வெளிநாட்டவருக்கு முதல் ஐந்து ஆண்டுகளில் ஆண்டுக்கு 21 நாள் பேசிக். அதற்குமேல் ஒவ்வோர் ஆண்டுக்கும் 30 நாள் பேசிக். ஓராண்டு கடந்துவிட்டால் உபரியாக நிற்கும் மாதங்களும் நாள்களும் விகிதப்படி சேரும். மொத்தத் தொகை இரண்டு ஆண்டுச் சம்பளத்தைத் தாண்டக் கூடாது என்ற உச்சவரம்பு உண்டு. ஒரே இடத்தில் இருபத்தைந்து ஆண்டுக்கு மேல் இருந்தவர் மட்டும் அதைப் பற்றி யோசித்தால் போதும்.

மாத பேசிக்கை 30-ஆல் வகுத்து ஒரு நாள் கூலியைக் கண்டுபிடிப்பது பரவலான வழக்கம். உங்கள் இரண்டு ஆஃபர்களையே எடுத்துக்கொள்வோம். ஏழு ஆண்டு வேலை பார்த்துவிட்டு விலகுகிறீர்கள். சம்பளம் ஏறவே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் ஐந்து ஆண்டுக்கு 105 நாள், அடுத்த இரண்டு ஆண்டுக்கு 60 நாள், ஆக 165 நாள். பேசிக் 3,000 என்றால் ஒரு நாளைக்கு 100 திர்ஹம். கையில் வருவது 16,500. பேசிக் 1,500 என்றால் ஒரு நாளைக்கு 50, வருவது 8,250. மாதந்தோறும் ஒரே சம்பளம் வாங்கிய இருவரில் ஒருவர் மற்றவரைவிடப் பாதித் தொகையோடு ஊர் திரும்புகிறார். ஊரில் ஒரு வீட்டுக்கு அஸ்திவாரம் போடும் பணம் அது. இத்தனைக்கும் இரண்டு கணக்குமே சட்டப்படி சரி. மொத்தச் சம்பளத்தில் பேசிக் இத்தனை சதவீதம் இருந்தே ஆக வேண்டும் என்று இந்தச் சட்டம் சொல்லவில்லை.

எடுக்காமல் மிச்சமிருக்கும் ஆண்டு விடுப்புக்கு விலகும்போது தரும் பணமும் பேசிக்கை வைத்தே கணக்கிடப்படும். 2023-இல் தொடங்கிய வேலையிழப்புக் காப்பீடும் அப்படித்தான். பேசிக்கில் 60 சதவீதம், அதிகபட்சம் மூன்று மாதம். ஆக, அந்த ஒரு வரி மூன்று இடங்களில் உங்கள் பணத்தைத் தீர்மானிக்கிறது.

இன்னொன்றையும் மனத்தில் வையுங்கள். எல்லா ஆண்டுகளுக்கும் கணக்கு, கடைசியாக வாங்கிய பேசிக்கில்தான். 2,000 பேசிக்கில் சேர்ந்தவர் ஆறாம் ஆண்டில் 3,000-க்கு வந்திருந்தால், முதல் ஆண்டின் 21 நாளுக்கும் 3,000-தான் அடிப்படை. எனவே சம்பள உயர்வு தரும்போது "பேசிக்கில் சேர்த்துத் தாருங்கள்" என்று கேளுங்கள். 300 திர்ஹம் உயர்வு அலவன்ஸில் ஏறினால் அந்தந்த மாதத்தோடு சரி. பேசிக்கில் ஏறினால் கழிந்த ஆண்டுகளும் சேர்ந்தே உயரும். இதற்கு மறுபக்கமும் உண்டு. ஒப்பந்தம் புதுப்பிக்கும்போது "மொத்தம் மாறாது, பிரிப்பை மட்டும் மாற்றுகிறோம்" என்று ஒரு தாளை நீட்டினால், பேசிக் இறங்கியிருக்கிறதா என்று பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். பல ஆண்டு உழைப்பின் மதிப்பு அந்த ஒரே தாளில் குறைந்துவிடும்.

யூடியூபிலும் வாட்ஸாப்பிலும் சுற்றிக்கொண்டிருக்கும் பழைய கணக்கை நம்பாதீர்கள். தானாக ராஜினாமா செய்தால் மூன்றில் ஒரு பங்கு, மூன்று ஆண்டு தாண்டினால் மூன்றில் இரண்டு பங்கு என்று அதில் சொல்வார்கள். அமீரகத்தில் அது பழைய சட்டத்தோடு போய்விட்டது. நீங்களே விலகினாலும் நிறுவனம் அனுப்பினாலும் இப்போது ஒரே கணக்கு. சவூதியில் ராஜினாமாவுக்கு அப்படிப்பட்ட வெட்டு இன்றும் உண்டு. ஆனால் அங்கே ஆண்டுக்கு இத்தனை நாள் என்பதே வேறு, அடிப்படையாக எடுக்கும் சம்பளமும் வேறு. ரியாத்தில் இருக்கும் மச்சான் சொன்னதை வைத்து துபாய்ப் பணத்தைக் கணக்குப் பார்க்க வேண்டாம்.

நோட்டீஸ் விஷயத்தில்தான் நம் பிள்ளைகள் அதிகம் இழக்கிறார்கள். ஒப்பந்தத்தில் 30 முதல் 90 நாள் வரை நோட்டீஸ் காலம் எழுதியிருக்கும். அதை முடிக்காமல் கிளம்பினால், மீதி நாள்களுக்கு ஈடாக நீங்கள் நிறுவனத்துக்குப் பணம் தர வேண்டும். அந்த ஈடு பேசிக்கில் இல்லை, முழுச் சம்பளத்தில். 1,500 பேசிக், 5,000 மொத்தச் சம்பளம் உள்ளவர் மூன்று ஆண்டு முடித்திருந்தால் கிராஜுவிட்டி 3,150 திர்ஹம். 30 நாள் நோட்டீஸ் தராமல் போனால் அவர் தர வேண்டியது 5,000. மூன்று ஆண்டுப் பணத்தை ஒரு மாத அவசரம் விழுங்கிவிடுகிறது.

நோட்டீஸ் நாள்களும் பணிக்காலத்தில் சேரும். சேர்ந்து பதினொன்றரை மாதத்தில் வேறு நல்ல வேலை கிடைத்தால், 30 நாள் நோட்டீஸை முழுதாக வேலை பார்த்துக் கழியுங்கள். ஓராண்டு தாண்டிவிடும். ஓராண்டுக்கு ஒரு நாள் குறைந்தாலும் கிராஜுவிட்டி என்று ஒரு திர்ஹம்கூடக் கிடையாது.

துபாயின் டிஐஎஃப்சி, அபுதாபியின் ஏடிஜிஎம் ஆகிய இரண்டு நிதி மையங்களுக்கும் தனிச் சட்டங்கள் உள்ளன. டிஐஎஃப்சியில் 2020 பிப்ரவரி முதல் நிறுவனம் மாதாமாதம் பேசிக்கில் 5.83 சதவீதம், ஐந்து ஆண்டுக்குப் பின் 8.33 சதவீதம் என ஒரு சேமிப்புத் திட்டத்தில் கட்டிவிடுகிறது. இதே விகிதத்தில் வெளியே உள்ள நிறுவனங்களும் விரும்பினால் சேரக்கூடிய திட்டம் ஒன்று 2023-இல் வந்தது. உங்கள் நிறுவனம் அதில் சேர்ந்திருக்கிறதா என்று கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (அபுதாபியிலிருந்து ஒரு சகோதரி)

அண்ணா, நான் ஒரு கிளினிக்கில் ஆறு ஆண்டு மூன்று மாதம் வேலை பார்த்திருக்கிறேன். பேசிக் 4,500. நடுவில் அம்மாவின் அறுவை சிகிச்சைக்காக மூன்று மாதம் சம்பளமில்லா விடுப்பில் ஊருக்குப் போய்வந்தேன். ராஜினாமா கொடுத்துவிட்டேன். விசா கேன்சல் தாளில் முதலில் கையெழுத்துப் போடுங்கள், பணம் பிறகு வரும் என்கிறார்கள். போடலாமா?

பதில்

போடாதீர்கள் அம்மா. அந்தத் தாளில் "எனக்குச் சேர வேண்டிய அனைத்தையும் பெற்றுக்கொண்டேன்" என்ற வாசகம் இருக்கும். பணம் வங்கிக் கணக்கில் விழுந்த பிறகு, அல்லது காசோலை கைக்கு வந்த பிறகு கையெழுத்துப் போடுங்கள். கடைசிச் சம்பளம், விடுப்புப் பணம், கிராஜுவிட்டி எல்லாவற்றையும் ஒப்பந்தம் முடிந்த 14 நாளுக்குள் தர வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. "பிறகு" என்று யார் சொன்னாலும், எந்தத் தேதி என்று கேட்டு மின்னஞ்சலில் வாங்குங்கள். சத்தம் போட வேண்டியதில்லை. எழுத்தில் கேட்டாலே பல இடங்களில் வேலை நடந்துவிடும்.

உங்கள் கணக்கு இது. ஒரு நாள் பேசிக் 150 திர்ஹம். முழு ஆறே கால் ஆண்டும் சேர்ந்தால் 105 நாளும் 37.5 நாளும், ஆக 142.5 நாள்; 21,375 திர்ஹம் வரும். ஆனால் சம்பளமில்லாமல் வராதிருந்த நாள்களைப் பணிக்காலத்தில் சேர்க்க மாட்டார்கள். அம்மாவுக்காகப் போன மூன்று மாதமும் கழியும். மிச்சம் ஆறு ஆண்டு, 135 நாள், 20,250 திர்ஹம். இதற்குக் குறைத்துச் சொன்னால் எந்த நாள்களைக் கழித்தார்கள் என்று பட்டியல் கேளுங்கள். சம்பளத்தோடு எடுத்த ஆண்டு விடுப்பையும் மகப்பேறு விடுப்பையும் இதில் கழிக்க இடமில்லை.

நீங்கள் வாங்கிய முன்பணமோ கடனோ இருந்தால் கழிப்பார்கள், அது நியாயம். "விசா செலவு", "ஆள் எடுத்த செலவு" என்று ஒரு வரி இருந்தால் ஒப்புக்கொள்ளாதீர்கள். அந்தச் செலவைத் தொழிலாளியிடம் வாங்கவே கூடாது என்று அதே சட்டத்தின் 6-ஆவது பிரிவு சொல்கிறது. ஆறு ஆண்டு நோயாளிகளைப் பார்த்துக்கொண்டவர் நீங்கள். கணக்கைக் கேட்பதில் கூச்சமே வேண்டாம்.

கேள்வி (மட்டக்களப்பைச் சேர்ந்தவர், துபாய்)

அண்ணா, நாலு வருடமாக ஒரு கம்பெனியில் வேலை செய்கிறேன். அதே முதலாளியின் இன்னொரு கம்பெனிக்கு விசாவை மாற்றப் போகிறார்கள். வேலை அதேதான், இடமும் அதேதான் என்கிறார்கள். கிராஜுவிட்டிக்குப் பாதிப்பு வருமா? என் அக்கா ஒரு வீட்டில் பணிப்பெண்ணாக இருக்கிறா. அவவுக்கும் இந்தக் கணக்குத்தானா?

பதில்

தம்பி, முதலாளி ஒருவராக இருந்தாலும் கம்பெனி வேறு என்றால் ஒப்பந்தமும் வேறு. இரண்டில் ஒன்றை எழுத்தில் பெறுங்கள். ஒன்று, பழைய கம்பெனியின் நான்கு ஆண்டுக் கிராஜுவிட்டியை இப்போதே தீர்த்துத் தர வேண்டும். அல்லது, பழைய சேரும் தேதியிலிருந்தே பணிக்காலம் தொடரும் என்று புதிய கம்பெனி கடிதம் தர வேண்டும். என்னைக் கேட்டால், சம்பளம் ஏறும் வாய்ப்பு இருந்தால் இரண்டாவதே நல்லது. ஐந்து ஆண்டு தாண்டியதும் 30 நாள் கணக்கு தொடங்கும், பழைய ஆண்டுகளும் புதிய பேசிக்கில் வரும். கம்பெனியின் நிலைமை சரியில்லை என்று தோன்றினால் பணத்தை இப்போதே வாங்கிவிடுங்கள். வாய்ச்சொல்லை நம்பி மட்டும் மாறிவிடாதீர்கள்.

அக்காவின் விஷயம் வேறு. வீட்டுப் பணியாளர்களுக்கு 2022-ஆம் ஆண்டின் 9-ஆம் எண் சட்டம் தனியாக இருக்கிறது. நான் மேலே சொன்ன கணக்கை அவருக்குப் பொருத்த வேண்டாம். அவருடைய ஒப்பந்தத்தின் நகலை வைத்துக்கொண்டு மனிதவள அமைச்சகத்தின் 80084 எண்ணில் கேட்கச் சொல்லுங்கள்.

கூடுதலாக ஒரு தகவல் (தேராவிலிருந்து ஒரு பெரியவர்)

தம்பிமார்களே, வங்கியில் கடனோ கிரெடிட் கார்டு பாக்கியோ இருந்தால் ஒன்றைக் கவனியுங்கள். வேலை விட்டது தெரிந்ததும், கடைசிக் கணக்குப் பணம் வந்து விழும்போது வங்கி அதை நிறுத்தி வைக்கலாம். ஊருக்கு டிக்கெட் போட்டுவிட்டுப் பணம் எடுக்க முடியாமல் நின்ற பையன்களைப் பார்த்திருக்கிறேன். முன்கூட்டியே வங்கிக்குப் போய்ப் பேசிவிடுங்கள். புது வேலை கிடைத்திருந்தால் அந்தக் கடிதத்தைக் காட்டுங்கள்.

கேள்வி (அஜ்மானிலிருந்து)

சார், வேலை விட்டு ஒரு மாதம் ஆகிறது. இன்னும் எதுவும் தரவில்லை. நான் ஊருக்கு வந்துவிட்டால் உரிமை போய்விடுமா?

பதில்

உரிமை போகாது. ஆனால் முடிந்தால் இங்கே இருக்கும்போதே புகார் கொடுத்துவிடுங்கள், அலைச்சல் குறையும். அமைச்சகத்தின் செயலியிலோ 80084 எண்ணிலோ புகார் பதியலாம். கேட்கும் தொகை 50,000 திர்ஹத்துக்குள் இருந்தால் 2024 ஜனவரி முதல் அமைச்சகமே தீர்ப்புச் சொல்ல முடியும். அதற்கு மேற்பட்ட தொகை சமரசம் ஆகாவிட்டால் நீதிமன்றத்துக்குப் போகும். 100,000 திர்ஹம் வரையிலான கோரிக்கைக்குத் தொழிலாளி நீதிமன்றக் கட்டணம் கட்ட வேண்டியதில்லை. கால வரம்பு முன்பு ஓராண்டாக இருந்தது. 2024 ஆகஸ்ட் 31 முதல் வேலை முடிந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டு.

புகாருக்கு முன் செயலியில் உங்கள் ஒப்பந்தத்தை இறக்கி வையுங்கள். அதில் பதிவாகியிருக்கும் பேசிக்கும், சம்பளச் சீட்டில் இருக்கும் பேசிக்கும் ஒன்றுதானா என்று பாருங்கள். விடுப்பு அனுமதி வந்த மின்னஞ்சல்கள், ராஜினாமா ஏற்ற கடிதம், கடைசி நாள் எது என்று காட்டும் ஏதாவது ஒரு தாள் ஆகியவற்றை உங்கள் சொந்த மின்னஞ்சலுக்கு அனுப்பி வையுங்கள். அலுவலக மின்னஞ்சல் கடைசி நாளன்றே மூடப்பட்டுவிடும். கணக்குப் போடச் சந்தேகம் இருந்தால், சேர்ந்த தேதி, கடைசி நாள், பேசிக், சம்பளமில்லா நாள்கள் ஆகிய நான்கையும் இங்கே எழுதுங்கள். கம்பெனியின் பெயர் வேண்டாம். நான் போட்டுத் தருகிறேன்.