கோவையும் மில் ஊர், அகமதாபாத்தும் மில் ஊர்: அங்கே மட்டும் எப்படி இவ்வளவு பெரிய கட்டடக்கலைஞர்கள் வந்தார்கள்?

நூல்கண்டு (கேள்வி):

வேலை விஷயமாக அடுத்த மாதம் அகமதாபாத் போகிறேன், ஒரு சனி ஞாயிறு கையில் இருக்கும். என்ன பார்க்கலாம் என்று தேடினால் லெ கார்பூசியே, லூயி கான், தோஷி, கொரியா என்று கட்டடக்கலைஞர்களின் பெயர்கள் வந்துகொண்டே இருக்கின்றன. நான் கோவைக்காரன். எங்கள் ஊரையும் மான்செஸ்டர் என்றுதான் சொல்வார்கள், ஆனால் எங்கள் மில் முதலாளிகள் யாரும் பாரிஸிலிருந்து ஆள் கூட்டி வந்து வீடு கட்டியதாகத் தெரியவில்லை. துணி நெய்து விற்கிற வியாபாரிகளுக்கு இந்த ஆசை எங்கிருந்து வந்தது? காசு இருந்தது என்பது மட்டும் பதிலாக இருக்காது, பம்பாய் மில்காரர்களிடமும் காசு இருந்ததே. கட்டடக்கலை படித்தவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள். எதைக் கட்டாயம் பார்க்க வேண்டும் என்பதையும்.

செங்கல்சூளை:

நல்ல கேள்வி, கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன். முதலில் அந்த ஊர்ப் பணம் எப்படிப்பட்டது என்று பார்க்க வேண்டும். 1861-இல் ரண்சோட்லால் சோட்டாலால் அங்கே முதல் மில்லை ஓட்டியபோது ஊருக்கு ரயிலே வரவில்லை. இங்கிலாந்திலிருந்து கப்பலில் வந்த எந்திரங்களை மாட்டு வண்டியில்தான் கொண்டுவந்து சேர்த்தார்கள். அதன் பிறகு வந்த மில்களும் பெரும்பாலும் உள்ளூர் வட்டிக்கடைக்காரர்கள், ஜவுளி வியாபாரிகள் போட்ட முதல்தான். வெள்ளைக்காரக் கம்பெனிகளின் கை அங்கே ரொம்பக் குறைவு. ஜைன, வைஷ்ணவக் குடும்பங்கள் சில, ஒருவருக்கொருவர் சம்பந்திகள், அவர்கள்தான் மில்லையும் நடத்தினார்கள், நகராட்சியிலும் உட்கார்ந்தார்கள், கல்விச் சங்கமும் வைத்திருந்தார்கள். ஊரில் எது கட்டுவதானாலும் நாலைந்து வீட்டில் பேசினால் போதும்.

கார்பூசியே 1951-இல் சண்டிகர் வேலைக்காக இந்தியா வந்தபோது அகமதாபாத்துக்காரர்கள் விடவில்லை. மேயராக இருந்த சினுபாய் சிமன்பாய், மில் அதிபர் கஸ்தூர்பாய் லால்பாயின் சகோதரர் மகன், நகரத்துக்கு ஒரு அருங்காட்சியகமும் தனக்கு ஒரு வீடும் கேட்டார். அருங்காட்சியகம் சன்ஸ்கார் கேந்திராவாக வந்தது, வீடு கட்டப்படவில்லை. மில் முதலாளிகள் சங்கத் தலைவர் சுரோத்தம் ஹத்தீசிங் சங்கத்துக்கு ஒரு கட்டடமும் தனக்கு ஒரு வீடும் கேட்டார், அப்புறம் அந்த வீட்டுப் பிளானை ஷோதன் என்பவருக்குக் கைமாற்றிவிட்டார். வில்லா ஷோதன் என்று எல்லாப் புத்தகத்திலும் வருவது அதுதான். காலிகோ மில்லை நடத்திய சாராபாய் குடும்பத்து மனோரமா இன்னொரு வீடு கேட்டார். ஆக 1950-களின் நடுவில் ஒரே ஊரில் நாலு கார்பூசியே கட்டடங்கள்!

இது திடீர் ஆசையும் இல்லை. அதற்கு முன்பே, 1940-களில், கௌதம் சாராபாய் காலிகோ மில்லின் துணிக்கடைக்கு அமெரிக்கக் கட்டடக்கலைஞர் பிராங்க் லாயிட் ரைட்டிடம் வரைபடம் வாங்கியிருந்தார், கட்டாமலே போனது. யாரைக் கூப்பிட வேண்டும் என்று இவர்களுக்குத் தெரிந்திருந்தது, அதுதான் விஷயம்.

பார்க்க ஒன்றே ஒன்று என்றால் ஆசிரமச் சாலையில் இருக்கும் மில் முதலாளிகள் சங்கக் கட்டடம். மேற்கே சாலைப் பக்கம், மாலை வெயில் அறையும் பக்கம், கனமான கான்கிரீட் பலகைகளைச் சாய்வாக நிறுத்தியிருப்பார். கிழக்கே சபர்மதிப் பக்கம் அதே பலகைகள் நேராக நிற்கும், ஆற்றுக்காற்று தடையில்லாமல் உள்ளே வரும். கண்ணாடிச் சன்னலை நம்பாமல் கட்டியது. சாலையிலிருந்து நீளமான சரிவுப் பாதை ஒன்று ஏறி நேராக மாடிக்குக் கொண்டுபோகும், அதில் நடந்து போகும்போதுதான் கட்டடம் பிடிபடும். அந்தக் காலத்தில் மேலே நின்று பார்த்தால் ஆற்று மணலில் சாயக்காரர்கள் துணி அலசி உலர்த்துவது தெரியும். இடத்தைத் தேர்ந்ததற்கே அந்தக் காட்சியும் ஒரு காரணமோ என்று எனக்குத் தோன்றும், முதலாளிகள் கூடிப் பேசும் இடத்திலிருந்து துணி தெரிய வேண்டும் இல்லையா. இப்போது அங்கே கான்கிரீட் கரையும் நடைபாதையும்தான்.

மணிநகர்_ராமு:

செங்கல்சூளை சார் சொன்னது எல்லாம் சரி, ஆனால் பெரும்பாலும் ஆற்றுக்கு மேற்கே. அகமதாபாத் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் இதையே செய்கிறார்கள், எனக்குக் கொஞ்சம் எரிச்சல். மில்கள் இருந்தது கிழக்கே: சரஸ்பூர், கோம்திபூர், ரக்கியால், நரோடா ரோடு. எங்கள் தாத்தா மில் வேலைக்காகத் தமிழ்நாட்டிலிருந்து போனவர், மணிநகர் பக்கம் அப்படி வந்த தமிழ்க் குடும்பங்கள் நிறைய, 2020 வரை அங்கே ஒரு தமிழ் வழிப் பள்ளிக்கூடமே நடந்தது. அந்த ஆட்கள் இருந்தது சாலி எனப்படும் வரிசை வீடுகளில், உங்கள் ஊரில் லைன் வீடு என்பீர்களே அதேதான். ஒரு அறை, முன்னால் ஒரு திண்ணை, குழாயும் கக்கூசும் எல்லோருக்கும் பொது. லட்சத்துக்கும் மேற்பட்ட தொழிலாளிகள் வேலை செய்த ஊரில் அவர்கள் வாழ்ந்த வீட்டுக்கு எந்தக் கட்டடக்கலைஞரைக் கூப்பிட்டார்கள் என்று யாராவது கேட்டார்களா?

1980-களிலும் 90-களிலும் மில்கள் வரிசையாக மூடின. விசைத்தறியோடு போட்டி போட முடியவில்லை, எந்திரங்களைப் புதுப்பிக்கவில்லை, பல காரணம். காலிகோ மில்லே போய்விட்டது. புகைபோக்கிகளை இடித்து மனையாக்கி விற்றார்கள். மிச்சம் இருக்கும் சில புகைபோக்கிகளை ரயிலில் ஊருக்குள் நுழையும்போது பாருங்கள், எந்த வழிகாட்டிப் புத்தகத்திலும் இருக்காது.

இன்னொன்று. 1918-இல் மில் வேலைநிறுத்தம் நடந்தது, காந்தி உண்ணாவிரதம் இருந்து 35 சதவீதக் கூலி உயர்வுக்கு நின்றாரே, அதில் முதலாளிகள் பக்கம் அம்பாலால் சாராபாய், தொழிலாளிகள் பக்கம் அவருடைய சொந்த அக்கா அனசூயா. அந்தப் போராட்டத்திலிருந்துதான் 1920-இல் மஜூர் மகாஜன் என்ற ஜவுளித் தொழிலாளர் சங்கம் வந்தது. நாலைந்து வீட்டில் பேசினால் போதும் என்று சார் சொன்னாரே, சண்டையும் அந்த வீட்டுக்குள்ளேயேதான்.

நூல்கண்டு:

ராமு அண்ணா, இதை நான் எதிர்பார்க்கவே இல்லை, நன்றி. கிழக்குப் பக்கம் ஒரு காலைப் பொழுது ஒதுக்குகிறேன். ஒரு சந்தேகம்: யுனெஸ்கோ உலகப் பாரம்பரிய நகரம் என்று போட்டிருக்கிறார்களே, அது இந்தக் கார்பூசியே கட்டடங்களுக்காகவா?

கல்தச்சன்:

இல்லை தம்பி. 2017-இல் கொடுத்தது கோட்டைச் சுவருக்குள் இருக்கும் பழைய ஊருக்கு, 1411-இல் அகமது ஷா அமைத்தது. கார்பூசியே கட்டடங்களை யுனெஸ்கோ 2016-இல் தனியாகப் பட்டியல் போட்டது, பல நாடுகளிலிருந்து 17 இடங்கள், இந்தியாவிலிருந்து சட்டசபை, உயர்நீதிமன்றம், தலைமைச் செயலகம் இருக்கும் சண்டிகர் கேப்பிட்டல் வளாகம் மட்டும். அகமதாபாத்தின் நாலும் அதில் இல்லை.

பழைய ஊரில் போள் என்று சொல்வார்கள், ஒரே வாசல் வைத்த தெருக் கூட்டம், ராத்திரி அந்த வாசலைச் சாத்திவிடலாம். வீடெல்லாம் மரச்சட்டமும் செங்கலும், முகப்பில் மரச்செதுக்கு, நடுவில் முற்றம், முற்றத்துக்கு அடியில் மழைத்தண்ணீர்த் தொட்டி. தெரு முனையில் புறாக்களுக்குத் தீனி போட ஒரு கம்பத்து மாடம். மில் முதலாளிகளின் முன்னோர் இருந்தது இங்கேதான், பணம் பெருகியதும் ஷாஹிபாகுக்கும் ஆற்றைத் தாண்டியும் போனார்கள். 1892-இல் எல்லிஸ் பாலம் இரும்பில் எழும்பிய பிறகு மேற்குக் கரை சுலபமாகிவிட்டது. மில் அதிபர் மங்கள்தாஸ் கிர்தர்தாஸ் 1924-இல் கட்டிய வீடு சீதி சையத் மசூதிக்கு எதிரே இப்போது ஓட்டலாக இருக்கிறது, ஒரு டீ குடித்துவிட்டு எதிரே போய் அந்தக் கல் ஜாலியை, கல்லிலேயே குடைந்த சன்னல் பின்னலை, பாருங்கள், 1573 வேலை. காளுப்பூர் சுவாமிநாராயண் கோயிலிலிருந்து ஜாமா மசூதி வரை காலையில் மாநகராட்சி நடைப்பயணம் ஒன்று உண்டு, அதில் சேர்ந்துகொண்டால் போள்களுக்குள் வழி தவற வேண்டியதில்லை.

செங்கல்சூளை:

ராமு கோபப்படுவது நியாயம்தான். ஆனால் மேற்குப் பக்கத்தை வெறும் பணக்கார வீட்டு அலங்காரம் என்றும் தள்ளிவிட முடியாது. அந்தக் குடும்பங்கள் நிறைய நிறுவனங்களையும் கட்டின. மில்களுக்கான ஆராய்ச்சி நிலையம் அட்டிரா, கட்டடம் அச்யுத் கான்விண்டே. 1961-இல் தேசிய வடிவமைப்புக் கல்லூரி. அதே வருடம் ஐஐஎம், விக்ரம் சாராபாயும் கஸ்தூர்பாயும் முன்னின்றது. கார்பூசியேவிடம் பாரிஸில் வேலை பார்த்துவிட்டு இங்கே மேற்பார்வைக்கு வந்து தங்கிவிட்ட தோஷிதான் ஐஐஎம்முக்கு லூயி கானைக் கூப்பிடச் சொன்னார், 1962-இல் தோஷியே கட்டடக்கலைப் பள்ளியையும் தொடங்கினார். 1974 மார்ச்சில் கான் இறந்ததுகூட அகமதாபாத்திலிருந்து நியூயார்க் திரும்பிய கையோடு, ரயில் நிலையத்தில்.

ஐஐஎம் பழைய வளாகத்தைக் கட்டாயம் பாருங்கள். முழுக்கச் செங்கல், பெரிய வட்டத் திறப்புகள், வளைவு விலகாமல் இருக்கக் குறுக்கே கான்கிரீட் விட்டம். அந்த விட்டத்தை மறைக்காமல் அப்படியே வெளியே காட்டியதில்தான் கானின் தைரியம் இருக்கிறது. நூலகத்தைப் புதுப்பித்ததற்கு 2019-இல் யுனெஸ்கோ விருது கிடைத்தது, அடுத்த வருடக் கடைசியில் 18 விடுதிக் கட்டடங்களில் 14-ஐ இடிக்கப் போகிறோம் என்று நிர்வாகம் அறிவித்தது! உலகம் முழுக்கக் கட்டடக்கலைஞர்கள் எதிர்த்ததும் சில நாளில் பின்வாங்கினார்கள், 2022-இல் திரும்பவும் இடித்துக் கட்டுவது பற்றி அறிவிப்பு வந்தது. நீர்க்கசிவு, 2001 நிலநடுக்க விரிசல், அந்தக் காலத்துச் செங்கலின் தரம் என்று அவர்கள் சொல்லும் காரணங்கள் பொய்யில்லை, ஆனால் நூலகத்தில் முடிந்தது விடுதியில் ஏன் முடியாது?

மணிநகர்_ராமு:

நீர்க்கசிவு உள்ள வீட்டில் மூன்று தலைமுறை இருந்தவர்களைக் கேளுங்கள் சார், சொல்வார்கள் :) தம்பி, வில்லா சாராபாயும் ஷோதனும் தனியார் வீடுகள், நேரே போய் மணி அடிக்காதீர்கள். மில் சங்கக் கட்டடத்துக்கு வார நாளில் போவது நல்லது, போகும் முன் போன் பண்ணிக் கேட்டுக்கொள்ளுங்கள். கோம்திபூர் பக்கம் போனால் காலை பத்து மணிக்குள் முடித்துவிடுங்கள், வெயில் தாங்காது.