டூசான் நகருக்கு மேற்கே ஆவ்ரா பள்ளத்தாக்கின் வழியாக ஐ-11 நெடுஞ்சாலை செல்லலாமா?

நெடுவழியன்:
அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் திட்டமிடப்படும் ஐ-11 (மாநிலங்களை இணைக்கும் 11ஆம் எண் நெடுஞ்சாலை) எந்த வழியாகச் செல்ல வேண்டும் என்பதைப் பற்றி விரிவாகப் பேச வேண்டும் என்பதற்காகவே இந்த இழையைத் தொடங்குகிறேன். பீனிக்ஸையும் லாஸ் வேகஸையும் இணைக்கும் நெடுஞ்சாலையாக 2012ஆம் ஆண்டுச் சட்டம் இதனை அறிவித்தது. தெற்கே மெக்சிகோ எல்லையிலுள்ள நொகாலெஸ் வரை நீட்டியது 2015ஆம் ஆண்டுச் சட்டம். நொகாலெஸிலிருந்து, பீனிக்ஸுக்கு வடமேற்கே உள்ள விக்கன்பர்க் வரையிலான சுமார் 450 கிலோமீட்டருக்கு முதற்கட்ட ஆய்வு நடந்தது. 2019இல் வெளியான சுற்றுச்சூழல் தாக்க வரைவு அறிக்கை, சாலை டூசானுக்குத் தெற்கே சஹுவாரிட்டா அருகே, நொகாலெஸையும் டூசானையும் இணைக்கும் ஐ-19இலிருந்து பிரிந்து, ஆவ்ரா பள்ளத்தாக்கின் வழியாக நகருக்கு வடமேற்கே மரானா பக்கம் வந்து சேரலாம் என்று பரிந்துரைத்தது. கடும் எதிர்ப்பு எழுந்ததால், 2021இல் வந்த இறுதி அறிக்கையும் அதே ஆண்டு நவம்பரில் வந்த முடிவு ஆவணமும், இந்த மேற்குத் தடத்தையும், இப்போதுள்ள ஐ-19, டூசான் நகரின் நடுவே செல்லும் ஐ-10 ஆகிய சாலைகளோடு இணைந்து செல்லும் கிழக்குத் தடத்தையும் சேர்த்தே வைத்துக்கொண்டு, தேர்வை இரண்டாம் கட்டத்துக்குத் தள்ளிவிட்டன.

மேற்குத் தடமே சரி என்பது என் கருத்து. குளிர்காலத்தில் அமெரிக்கக் கடைகளுக்கு வரும் தக்காளியிலும் வெள்ளரியிலும் பெரும்பங்கு சொனோரா, சினலோவா மாநிலங்களிலிருந்து நொகாலெஸின் மரிபோசா எல்லைச் சாவடி வழியாகத்தான் வருகிறது. அந்த லாரிகள் எல்லாம் டூசான் நகரத்தின் நடுவே, வேலைக்குச் செல்பவர்களின் கார்களோடு ஒரே சாலையில் நெருக்கியடித்துச் செல்கின்றன. ஐ-10இல் ஒரு பெரிய விபத்து நடந்தால், அத்தனை போக்குவரத்தையும் தாங்கக்கூடிய மாற்று நெடுஞ்சாலை எதுவும் அங்கே கிடையாது.

சகுவாரோ நிழல்:
நெடுவழியன் அவர்கள் வரைபடத்தில் வெற்றிடமாகத் தெரியும் பகுதியைக் காலி நிலம் என்று எடுத்துக்கொண்டது போலத் தோன்றுகிறது. ஆவ்ரா பள்ளத்தாக்கின் கிழக்கே, சகுவாரோ என்னும் பெருங்கள்ளியின் பெயரால் அழைக்கப்படும் சகுவாரோ தேசியப் பூங்காவின் மேற்குப் பகுதியும் டூசான் மலைப் பூங்காவும் உள்ளன. வடமேற்கே 2000ஆம் ஆண்டு தேசிய நினைவுச் சின்னமாக அறிவிக்கப்பட்ட அயன்வுட் காடு இருக்கிறது. மேற்கிலும் தெற்கிலும் டொஹோனோ ஓடம் பழங்குடி மக்களின் நிலம். இவற்றுக்கு நடுவே மிஞ்சியிருக்கும் குறுகிய இடைவெளியில்தான் புதிய நெடுஞ்சாலையை நுழைக்கப் பார்க்கிறார்கள்.

அந்த இடைவெளியிலேயே, பலருக்குத் தெரியாத ஒரு நிலம் இருக்கிறது. கொலராடோ ஆற்று நீரை ஹவாசு ஏரியிலிருந்து 540 கிலோமீட்டர் தொலைவுக்குக் கொண்டுவரும் மத்திய அரிசோனா கால்வாய் இந்தப் பள்ளத்தாக்கில் வெட்டப்பட்டபோது, மலைகளுக்கு இடையே விலங்குகள் நடமாடும் வழி அறுபட்டுவிடும் என்று கண்டு, அதற்கு ஈடாகக் கூட்டாட்சி அரசின் நீர்மேலாண்மைத் துறை சுமார் 2,500 ஏக்கர் நிலத்தை வாங்கி, அங்கே வேறெந்த வளர்ச்சிப் பணியும் நடக்காது என்று எழுதிக்கொடுத்தது. அந்தப் பகுதியில் கால்வாய் பல இடங்களில் ஓடைகளின் அடியே பூமிக்குள் இறங்கிச் செல்வதால், மான்கள் மேலே கடந்து போகின்றன. டூசான் ஈட்டு வழித்தடம் என்று அழைக்கப்படும் இந்த நிலத்தின் ஊடாகத்தான் மேற்குத் தடம் செல்கிறது. முன்பு செய்த ஒரு சேதத்துக்கு ஈடாகக் கொடுத்த நிலத்தையே அடுத்த சேதத்துக்கு எடுத்துக்கொண்டால், ஈடு என்று அரசு எழுதிக்கொடுக்கும் எந்த ஆவணத்தை இனி நம்புவது? வரைவு அறிக்கை இதற்கு மாற்றாக வேறு நிலம் வாங்கித் தருவதாகச் சொல்கிறது. சில்வர்பெல் மலையின் கொம்பாடுகளுக்கு வேறு நிலம் வேறு மாவட்டத்தில் கிடைத்து என்ன பயன்?

பாலம் கட்டுபவர்:
பொறியியல் பக்கத்திலிருந்து இரண்டு செய்திகளைச் சொல்ல விரும்புகிறேன். விலங்குகள் கடப்பதற்கு வழி செய்ய முடியாது என்பது சரியல்ல. டூசானுக்கு வடக்கே ஓரக்கிள் சாலையின் மேல் 2016இல் கட்டி முடிக்கப்பட்ட விலங்குப் பாலத்தை மான்கள் உட்படப் பல விலங்குகள் பயன்படுத்துகின்றன. தக்க வேலிகளும் போதிய அகலமும் இருந்தால் ஆவ்ராவிலும் அதைச் செய்யலாம்.

அடுத்தது, சட்டம். பூங்காக்கள், வனவிலங்குப் புகலிடங்கள் ஆகியவற்றோடு வரலாற்றுச் சின்னங்களையும் பாதுகாப்பது 1966ஆம் ஆண்டுப் போக்குவரத்துத் துறைச் சட்டத்தின் 4(எஃப்) பிரிவு. ஏற்கத்தக்க வேறு வழி இல்லாதபோது மட்டுமே அவற்றின் மேல் சாலை போடலாம். டூசான் நகர மையத்தில் ஐ-10இன் இரு புறமும் வரலாற்றுச் சிறப்புமிக்க குடியிருப்புகள் உள்ளன. சாலையை அகலப்படுத்தினால் அவற்றுக்குச் சேதம் நேரும் என்பதுதான் வரைவு அறிக்கை மேற்கை நாடியதற்கான முக்கியக் காரணங்களில் ஒன்று. 1960களின் இறுதியில் மாநாட்டு மையத்துக்காக எண்பது ஏக்கர் அளவில் பழைய குடியிருப்புகளை இடித்துத் தள்ளிய நகரம் அது. அங்கே வாழ்ந்த மெக்சிகோ, சீன, ஆப்பிரிக்க, ஓடம் வம்சாவளி மக்களின் வீடுகள் திரும்பி வரவில்லை. மீண்டும் அதே மக்களின் தெருக்களைச் சாலைக்குக் கேட்பதற்கு எனக்கு மனம் வரவில்லை.

நீரியல் மாணவர்:
ஓரக்கிள் சாலை ஏற்கெனவே இருந்த சாலை. அங்கே பாலம் வந்ததால் பழைய நிலை சீரடைந்தது. சாலையே இல்லாத பள்ளத்தாக்கில் முதலில் நெடுஞ்சாலை போட்டுவிட்டு, பிறகு பாலம் கட்டுவதை அதனோடு ஒப்பிட முடியாது.

நான் பேச வந்தது தண்ணீரைப் பற்றி. டூசான் நகரம் குடிக்கும் நீரில் பெரும்பகுதி ஆவ்ரா பள்ளத்தாக்கின் மண்ணுக்குள்ளிருந்து வருகிறது. 1992இல் கொலராடோ ஆற்று நீரைச் சுத்திகரித்து நேரடியாகக் குழாய்களில் விட்டபோது, பழைய குழாய்களின் துரு கரைந்து, வீடுகளில் செந்நிற நீர் வந்தது. மக்களின் கோபத்தால் அந்த முறை 1994இல் நிறுத்தப்பட்டது. 1995இல் நடந்த வாக்கெடுப்பு அந்த நீரை நேரடியாக வழங்குவதற்குக் கடும் நிபந்தனைகள் விதித்தது. அதன் பின் நகரம் கண்ட வழி, ஆற்று நீரை ஆவ்ராவின் செறிவூட்டல் குளங்களில் தேக்கி, மண்ணுக்குள் இறங்கவிட்டு, நிலத்தடி நீரோடு கலந்த பிறகு கிணறுகளிலிருந்து எடுப்பது. 2001 முதல் இப்படித்தான் நடக்கிறது. தண்ணீர் விரைவாக உள்ளே இறங்கும் மண் என்பதால்தான் அந்த இடம் தேர்ந்தெடுக்கப்பட்டது. அதே மண்ணின் மேல் வேதிப்பொருள் ஏற்றிய ஒரு லாரி கவிழ்ந்தால், அதுவும் அதே விரைவில்தான் கீழே இறங்கும். கொலராடோ ஆறே வற்றிக்கொண்டு வரும் காலத்தில், சேமித்து வைத்திருக்கும் நீரின் தலைமேல் சரக்குச் சாலையை வைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

நெடுவழியன்:
கசிவு பற்றிய அச்சத்தை நான் சிறிதாக எண்ணவில்லை. ஆனால் நீர் ஆதாரங்களின் அருகே செல்லும் சாலைகளுக்கு, கொட்டியதைப் பிடித்து நிறுத்தும் கான்கிரீட் வடிகால்களும் தொட்டிகளும் அமைக்கும் முறை இருக்கிறது. முதற்கட்ட ஆய்வு குறித்திருப்பது 2,000 அடி அகலமுள்ள ஒரு பட்டை மட்டுமே. அதற்குள் சுமார் 400 அடி அகலத்தில் உண்மையான சாலை எங்கே அமையும் என்பது இனிமேல்தான் முடிவாகும். குளங்களிலிருந்து முடிந்தவரை விலக்கி அமைக்க இடமுண்டு. பாலம் கட்டுபவர் எழுப்பிய கேள்விக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை. கள்ளிச்செடியையும் மானையும் காப்பாற்றக் குரல் கொடுப்பவர்கள், ஐ-10இன் ஓரத்தில் புகையை மூச்சாக இழுக்கும் குழந்தைகளுக்காக என்ன சொல்கிறார்கள்?

சகுவாரோ நிழல்:
சொல்கிறேன். மேற்குச் சாலை வந்தாலும் அந்தக் குழந்தைகளின் புகை பெரிதாகக் குறையாது என்பதே என் வாதத்தின் மையம். ஐ-10 கலிபோர்னியாவிலிருந்து புளோரிடா வரை செல்லும் சாலை. டெக்சாஸ் மாநிலத்தின் எல் பாசோ வழியாக வரும் லாரிகள் கிழக்கே பென்சன் பக்கத்திலிருந்து டூசானுக்குள் நுழைகின்றன. மேற்குத் தடம் தொடங்குவதோ நகருக்குத் தெற்கே, ஐ-19இல். கிழக்கிலிருந்து வரும் லாரிக்கு அந்தச் சாலையால் எந்தப் பயனும் இல்லை. அது பழையபடி நகர மையத்தின் வழியாகத்தான் போகும். புதிய சாலையால் விலகக்கூடியது நொகாலெஸ் வழியாக வடக்கே செல்லும் போக்குவரத்து மட்டுமே. நகரவாசிகளின் கார்களும் அங்கேயேதான் இருக்கும். ஆக, நகர மக்களின் துன்பத்தைக் காட்டிப் பள்ளத்தாக்கை வாங்கிவிட்டு, அந்தத் துன்பத்தை ஏறத்தாழ அப்படியே விட்டுவைக்கும் திட்டம் இது.

2007ஆம் ஆண்டிலேயே, டூசான் அமைந்துள்ள பீமா மாவட்டத்தின் மேற்பார்வையாளர் மன்றம், ஐ-10ஐத் தவிர்த்துச் செல்லும் புதிய நெடுஞ்சாலை எதையும் எதிர்த்துத் தீர்மானம் நிறைவேற்றியது. டொஹோனோ ஓடம் மக்களின் சான் சேவியர் வட்டாரத்தினூடே ஐ-19 ஏற்கெனவே செல்கிறது. மேற்குத் தடம் வந்தால் அதே வட்டாரம் இன்னொரு பக்கத்திலும் நெடுஞ்சாலையால் சூழப்படும். ஜூன், ஜூலை மாதங்களில் சகுவாரோப் பழம் பறித்துப் பாகு காய்ச்சி மழையை அழைக்கும் மரபுடையவர்கள் அவர்கள். ஒரு சகுவாரோவுக்குக் கிளை விடவே ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாகும் என்பதால், சாலைக்காகப் பெயர்த்து வேறிடத்தில் நடுவோம் என்னும் உறுதிமொழி என்னை அமைதிப்படுத்தவில்லை. 2022இல் நான்கு சுற்றுச்சூழல் அமைப்புகள் கூட்டாட்சி நெடுஞ்சாலை நிர்வாகத்தின் மேல் வழக்குத் தொடுத்தபோது முன்வைத்த முக்கிய வாதமும், சுற்றுச்சூழலுக்கு நேரும் தாக்கத்தை முழுமையாக ஆராயாமல் தடத்துக்கு ஒப்புதல் கொடுத்துவிட்டார்கள் என்பதுதான்.

கிங்மன் வழிப் பயணி:
நான் இரு தரப்பிலும் சேரவில்லை. விக்கன்பர்க்குக்கு வடக்கே, கிங்மன் வழியாக லாஸ் வேகஸ் பக்கம் செல்லும் யுஎஸ் 93 நெடுஞ்சாலை சில இடங்களில் இன்னும் பிரிப்பான் இல்லாத இருவழிச் சாலையாகவே இருக்கிறது. முந்த முயலும் வண்டிகள் எதிரெதிரே மோதும் அபாயம் அங்கே நாள்தோறும் உண்டு. ஐ-11 என்ற பெயரில் வரும் பணம் முதலில் அங்கே போகட்டும்.

பாலம் கட்டுபவர்:
கிங்மன் வழிப் பயணி சொல்வதை மனமார ஏற்கிறேன். கிழக்கிலிருந்து வரும் லாரிகளைப் பற்றிச் சகுவாரோ நிழல் சொன்னதும் வலுவான வாதம். ஆயினும் கிழக்குத் தடத்தை ஆதரிப்பவர்கள் அதன் விலையையும் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 2007 முதல் நகர மையத்தில் ஐ-10ஐ அகலப்படுத்தியபோது, நுழைவு வழிகளை ஆண்டுக்கணக்கில் மூடிவைத்தே வேலை நடந்தது. இனி அகலப்படுத்த நிலமே இல்லாத இடங்களில் மேலடுக்கோ கீழடுக்கோ தவிர வேறு வழி இராது. அதற்கான செலவும் சத்தமும் யார் தலையில்?

சகுவாரோ நிழல்:
அகலப்படுத்தியே ஆக வேண்டும் என்பதை நான் ஏற்கவில்லை. நொகாலெஸ் சரக்கில் ஒரு பகுதியை ரயிலுக்கு மாற்றுவதும், நெரிசல் நேரத்துக்கு வெளியே லாரிகளை அனுப்புவதும், ஐ-10, ஐ-19 சந்திப்பைத் திருத்துவதும் முதலில் முயன்று பார்க்கப்பட வேண்டியவை. இரண்டாம் கட்ட ஆய்வு இவற்றைத் தனி மாற்றுவழியாக எடுத்து, நகர மையத்தில் ஒரு வீடும் இடிபடாமல் எவ்வளவு நெரிசல் குறையும் என்று கணக்கிட்டுக் காட்ட வேண்டும்.

நெடுவழியன்:
அந்தக் கணக்கை நானும் பார்க்க விரும்புகிறேன். சரக்கின் வளர்ச்சியை ரயிலும் நேர மாற்றமும் தாங்காது என்பதே என் எதிர்பார்ப்பு. ஆகவே மேற்குத் தடத்தை ஆய்விலிருந்து நீக்க நான் உடன்படமாட்டேன். ஆனால் ஈட்டு வழித்தடத்தின் 2,500 ஏக்கரைத் தொடாமல் வரையப்படும் தடம் ஒன்றும் அதே ஆய்வில் இடம்பெற வேண்டும் என்று போக்குவரத்துத் துறைக்கு எழுதுவதாயின், அதில் நானும் கையெழுத்திடுகிறேன்.

நீரியல் மாணவர்:
செறிவூட்டல் குளங்களிலிருந்தும் கிணறுகளிலிருந்தும் தடம் எவ்வளவு தொலைவில் அமையும் என்பதையும், அந்தத் தொலைவில் கசிவு கிணற்றை அடைய எவ்வளவு காலம் பிடிக்கும் என்பதையும் அந்தக் கடிதத்தில் தனிக் கேள்விகளாகச் சேருங்கள். அதற்கான பத்தியை நான் எழுதித் தருகிறேன்.