மறு: மறு: ‘ரயில்வே ஸ்டீமர்’ தமிழ்ல எப்படி? வெள்ளிக்குள்ள வேணும்

எல்லாருக்கும் வணக்கம். தனுஷ்கோடி கண்காட்சிக்குப் படவிளக்கம் எழுதறேன், வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகுது. 1914ல பாம்பன் பாலம் திறந்ததும் தென்னிந்திய ரயில்வே கம்பெனி தனுஷ்கோடிலேந்து இலங்கைல இருக்கற தலைமன்னாருக்கு சொந்தக் கப்பலே விட்டுச்சு. கர்சன், எல்ஜின், ஹார்டிஞ்ச்னு வைஸ்ராய் பேர் வச்ச மூணு, 1913ல கிளாஸ்கோல கட்டினது. “ரயில் கப்பல்”னு போட்டிருக்கேன், சரியா?

- - -

> “ரயில் கப்பல்”

வேண்டாம்மா. தண்ணீர்க்குடம்னா தண்ணியை உடைய குடம்னு நடுவுல மறைஞ்ச சொல்லைச் சேர்த்துப் படிக்கற மாதிரி, உருபும் பயனும் உடன்தொக்க தொகையாத்தான் படிப்பாங்க, ரயிலை ஏத்திட்டுப் போற கப்பல்னு. நமக்கு வேண்டியது ரயில்வேயோட கப்பல், ஆறாம் வேற்றுமை. ஏற்கெனவே சென்னை–தனுஷ்கோடி ரயிலான போட் மெயில் அப்படியே கப்பல்ல ஏறி இலங்கை போச்சுன்னு பாதி பேர் நம்பறாங்க, ஆனா எழும்பூர்ல ஏறினவங்க தனுஷ்கோடில இறங்கி, கப்பல் மாறி, தலைமன்னார்ல வேற ரயில் பிடிச்சுத்தான் கொழும்பு போனாங்க. வண்டியையே ஏத்தற கப்பல் ஹார்விச்–ஜீப்ரக நடுவுல 1924ல ஓடுச்சு, “ரயிலேற்றி”ங்கற சொல்லை அதுக்கு வச்சுக்கலாம்.

- - -

ரயில்வேயும் வேணாம் ஸ்டீமரும் வேணாம், “இருப்பூர்தி நாவாய்”னு போடுங்க, இருப்பூர்தின்னா ரயில், நாவாய்னா கப்பல். நாவாய் சமஸ்கிருத ‘நௌ’ இல்லை, நாவுதல்னா கொழித்தல், நீரைக் கொழிச்சுட்டுப் போறதால நாவாய், புறநானூற்றுலயே இருக்கு.

- - -

ஐயா, புறநானூற்றில இருக்கிறதால மட்டும் அது தமிழ் வேர் எண்டு ஆகாது. கப்பல் எண்ட சொல்லுக்கு என்ன குறை? மலாய்க்காரரே எங்களிட்ட இருந்துதான் ‘கப்பால்’ எடுத்தவை. இலங்கையில எங்கட பக்கம் ரயிலுக்கு எழுத்தில புகையிரதம், பேச்சில கோச்சி, இருப்பூர்தி எண்டா அம்மாவுக்கு விளங்காது. தலைமன்னார்ல துறை ஸ்டேஷனுக்குப் பேரே ‘பியர்’தான். மட்டக்களப்பில வாவி கடக்கிற மிதவையை ‘பாதை’ எண்டுதான் சொல்லுறவை, எவ்வளவு வடிவான சொல், அதை ஏன் ஒருத்தரும் கலைச்சொல்லா எடுக்கேல்லை?

- - -

பாதை நல்லாருக்கு, ஆனா இங்க யாரும் கப்பல்னு புரிஞ்சுக்க மாட்டாங்களே. “ரயில்வே நீராவிக் கப்பல்”னு போட்டு, கீழ ‘பயணிகளுக்காக ரயில்வே நடத்தியது, ரயில் ஏறாது’ன்னு ஒரு வரி சேர்க்கறேன். மூணு பேர் தனிமடல்ல சரின்னுட்டாங்க, நாளைக்குக் காலைல அனுப்பிடுவேன்.

- - -

பலகைக்கு அனுப்புங்கம்மா, நேரம் இல்லைன்னு புரியுது. கலைச்சொல் பட்டியல்ல மட்டும் நாவாய்க்கு எதிரா முடிவாச்சுன்னு எழுதாதீங்க, நான் ஒத்துக்கலை. நாவுதல் பத்தி ஞாயித்துக்கிழமை தனி இழையில விரிவா எழுதறேன்.