நள்ளிரவில் ஏழு நிமிடம் ஒலி இல்லாத உலகம்: காரணம் எடுபடுகிறதா?

கடைசிவரி:
ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். தினமும் நள்ளிரவு தாண்டியதும் ஏழு நிமிடம் உலகத்தின் காலம் தளர்ந்து ஓடுகிறது. என் நாயகி மட்டும் பழைய வேகத்திலேயே இருக்கிறாள். அந்த ஏழு நிமிடமும் அவளுக்கு ஒரு சத்தமும் கேட்காது. ஒலி என்பது காலத்தில் நடக்கிற அதிர்வு. ஆகவே காலம் தளர்ந்தால் முதலில் சாவது அதுதான். பார்வைக்கு ஒன்றும் ஆகாது. நம்பும்படி இருக்கிறதா?

மின்தடை:
இல்லை. முதலில் சாவது வெளிச்சம். காது 20 ஹெர்ட்ஸிலிருந்து (நொடிக்கு 20 அதிர்வு) 20,000 வரை கேட்கும், ஆயிரம் மடங்கு அகலம். கண்ணுக்கு அந்தத் தாராளம் கிடையாது. அதற்குத் தெரிகிற ஒளியின் அலைநீளம் சுமார் 400 நானோமீட்டரில் ஆரம்பித்து 700இல் முடிந்துவிடும், இரண்டு மடங்குகூட இல்லை. உலகம் பாதி வேகத்தில் ஓடினால் உங்கள் நாயகிக்கு எல்லாச் சத்தமும் ஒரு ஸ்தாயி இறங்கிக் கேட்கும், அவ்வளவுதான். ஆனால் ஒளியின் அலைநீளம் இரட்டிக்கும்; 550 நானோமீட்டர் பச்சை 1,100 ஆகி, கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்புக்குள் போய்விடும். இருட்டில் நின்றுகொண்டு நன்றாகக் காது கேட்டுக்கொண்டிருப்பாள்.

கடைசிவரி:
புறஊதா இறங்கி வந்து அந்த இடத்தை நிரப்பாதா?

மின்தடை:
பகலென்றால் மங்கலாக ஒரு சிவப்பு கிடைக்கும். நீங்கள் வைத்திருப்பது நள்ளிரவு. விளக்கிலிருந்து அவ்வளவு புறஊதா வராது. அவளையும் சேர்த்துத் தளர்த்திவிடலாம் என்று பார்த்தால், எதுவும் மாறியதாக யாருக்குமே தெரியாது.

பழைய ரேடியோ:
கதைக்கு எதற்கு இவ்வளவு கணக்கு? காலத்தைத் தொடாமலே ஒலியை எடுக்கலாமே. ராபர்ட் பாயில் 1660இல் ஒரு கடிகாரத்தைக் கண்ணாடிக் கலத்துக்குள் தொங்கவிட்டுக் காற்றை உறிஞ்சி எடுத்தார். டிக் டிக் அடங்கிவிட்டது, கடிகாரம் நிற்கவில்லை. ஏழு நிமிடம் காற்று ஒலியைக் கடத்தாது என்று எழுதிவிட்டுப் போங்கள்.

மின்தடை:
பாயில் காற்றை எடுத்தார். இவர் காற்றை வைத்துக்கொண்டே ஒலியை எடுக்கப் பார்க்கிறார், இரண்டும் ஒன்றில்லை. ஓரிடத்தில் அழுத்தினால் பக்கத்து இடத்துக்கு அது போய்ச் சேர்வதைத்தான் ஒலி என்கிறோம். ஒரு நீள எஃகுக் கம்பியின் இந்த முனையைத் தள்ளினால் அந்த முனை அதே கணத்தில் நகராது. தள்ளல் நொடிக்கு ஏறக்குறைய 5,000 மீட்டர் வேகத்தில் பயணம் செய்து போய்ச் சேர வேண்டும். கம்பியில் ஒலியின் வேகமும் அதேதான், ஏனென்றால் இரண்டும் ஒரே சங்கதி. ஒலியை முழுசாக அழித்துவிட்டால் கதவைத் தள்ளும்போது அந்தத் தள்ளல் உள்ளங்கையைத் தாண்டாது. மூச்சு இழுப்பதும் அழுத்த வித்தியாசத்தால்தான். நாடித் துடிப்பும் அழுத்த அலைதான். ஏழு நிமிடம் முடியும்போது கதை கேட்க ஆள் இருக்காது.

பழைய ரேடியோ:
நீங்கள் பேய்க்கதை படிக்கும்போதும் இப்படித்தானா?

மின்தடை:
பேய்க்கதைக்காரர் இயற்பியலைச் சாட்சிக்குக் கூப்பிடுவதில்லை. இவர் கூப்பிட்டார்.

தாழம்பூ:
எனக்கு வேறு வருத்தம். போன வாரம் இங்கே போட்ட முதல் அத்தியாயத்தில், ஏழு நிமிடத்துக்கே நாயகி தலைமுடியைப் பிய்த்துக்கொள்கிறாள். என் அப்பா அம்மா இருவருக்கும் பிறவியிலிருந்தே காது கேட்காது. எங்கள் வீட்டில் சண்டைகூடக் கையால்தான். அம்மாவுக்குக் கோபம் முற்றினால் விளக்கை அணைத்துவிடுவாள், அதற்கு மேல் அப்பா ஒரு வார்த்தை பேச முடியாது. அப்பாவைக் கூப்பிட வேண்டுமானால் தரையில் இரண்டு முறை மிதிப்போம், திரும்பிப் பார்ப்பார். அதனால் நான் கேட்பது இதுதான்: உங்கள் ஏழு நிமிடத்தில் தரை அதிருமா? அதிரும் என்றால் எங்கள் வீட்டில் யாருக்கும் எதுவும் தெரியப்போவதில்லை. மின்தடை சொல்கிற இருட்டு வந்தால்தான் எங்கள் வீட்டில் பேச்சு நின்றுபோகும்.

கடைசிவரி:
தரையைப் பற்றி நான் யோசிக்கவே இல்லை. முதல் அத்தியாயத்தைத் திருப்பி எழுதுகிறேன்.

சரி, விதியை மாற்றிப் பார்க்கிறேன். 20 முதல் 20,000 ஹெர்ட்ஸ் வரையுள்ள அதிர்வு மட்டும் இல்லாமல் போகும், மற்றது இருக்கும். யானைகள் 20க்குக் கீழேயும் உறுமிப் பேசிக்கொள்ளும் அல்லவா, அவை பேசட்டும். வௌவால் எழுப்புவது பெரும்பாலும் 20,000க்கு மேல், அதுவும் சுவரில் மோதாமல் பறக்கும். தரையின் மெதுவான ஆட்டமும் இருக்கும், உங்கள் அப்பா திரும்பிப் பார்ப்பார்.

பழைய ரேடியோ:
யானையையும் வௌவாலையும் விட்டுவிட்டு நம்மை மட்டும் வாயடைக்கிறது. இதை முதலிலேயே சொல்லியிருக்கலாம்!

மின்தடை:
இது பரவாயில்லை. மெதுவாகத் தள்ளினால் கதவு திறக்கும். ஓங்கி அறைந்தால் அந்த அடிக்குள் எல்லா அதிர்வெண்ணும் இருக்கும், கதவுக்குக் கொஞ்சம்தான் போய்ச் சேரும். ஆக ஏழு நிமிடம் யாரும் யாரையும் உருப்படியாக அடிக்க முடியாது. அதை எழுதுங்கள், படிக்கிறேன். ஆனால் காலம் தளர்ந்ததுதான் காரணம் என்ற வரி போக வேண்டும். இப்போது நீங்கள் வைத்திருப்பது வெறும் வடிகட்டி.

கடைசிவரி:
அந்த வரியை எடுக்க மாட்டேன்.

மின்தடை:
அப்படியானால் விளக்கையும் அணையுங்கள்.

தாழம்பூ:
அதை மட்டும் செய்யாதீர்கள்.