வசனமே இல்லாத வேடம்: ஒப்புக்கொள்ளலாமா?

குலசேகரம் பால்வெட்டி:
வயது 54. ரப்பர் தோட்டத்தில் வேலை. எட்டு ஆண்டுகளில் மூன்று சிறு படங்களில் தலைகாட்டியிருக்கிறேன்: கணக்குப்பிள்ளை, குடிகார மாமா, பிணம். பிணமாகக் கிடந்தபோது மூக்கில் எறும்பு ஏறியது, நான் அசையவில்லை. இன்றுவரை எனக்குக் கிடைத்த ஒரே பாராட்டு அதுதான். இப்போது நாகர்கோவில் பையன்கள் சிலர் சொந்தப் பணத்தில் முழுநீளப் படம் எடுக்கிறார்கள். மகனைத் தேடிவரும் தகப்பன் நான். நான்கு காட்சிகள், ஒரு வரி வசனம் கிடையாது. வடசேரி பேருந்து நிலையத்தில் உட்கார்ந்து காப்பி குடிக்க வேண்டும். “அதற்கு ஒரு தூண் போதாதா?” என்கிறாள் வீட்டுக்காரி. போகலாமா?

தக்கலைக்காரன்:
அண்ணாச்சி, அமெரிக்க நடிகர் ஹாரி டீன் ஸ்டான்டனைப் பாருங்கள். 1950களிலிருந்து துணை வேடங்கள்தான். 1984இல் ‘பாரிஸ், டெக்சாஸ்’ படம் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வென்றபோது அவருக்கு வயது 57. அதில் அவர்தான் நாயகன். ஆனால் முதல் இருபது நிமிடத்துக்கு மேல் வாயே திறப்பதில்லை. சிவப்புத் தொப்பியும் தண்ணீர்க் கேனுமாகப் பாலைவனத்தில் நடக்கிறார். அந்த நடையிலேயே பாதிக் கதை தெரிந்துவிடுகிறது.

மார்த்தாண்டம் தாத்தா:
அவரைக் காட்டி இவரை மயக்காதே, தம்பி. ஸ்டான்டனுக்கு டி.வி. தொடர்களும் ‘ஏலியன்’ மாதிரிப் பெரிய படங்களும் சோறு போட்டன. இங்கே அந்தக் காப்பிதான் கூலியாக இருக்கும். ஒரு குறும்படக்காரர் எனக்குத் தரவேண்டிய 1,500 ரூபாய்க்கு மூன்று ஆண்டுகளாக ‘நாளை’ சொல்கிறார். கூலியையும் பஸ் காசையும் முதலிலேயே பேசிவிடுங்கள்.

கொல்லங்கோடு டீச்சர்:
தாத்தா சொல்வது சரி. ஆனால் 1999இல் வந்த ‘தி ஸ்ட்ரெயிட் ஸ்டோரி’யின் கடைசிக் காட்சியையும் பார்த்துவிடுங்கள். பேச்சுவார்த்தை அற்றுப்போன சகோதரரைப் பார்க்க ஒரு கிழவர் புல்வெட்டும் வண்டியிலேயே வருகிறார். அந்தச் சகோதரர்தான் ஸ்டான்டன். படம் முழுக்க இவருக்காகத்தான் பயணம். இவர் வருவதோ கடைசிச் சில நிமிடங்கள். இதிலேயா இவ்வளவு தூரம் வந்தாய் என்று கேட்டுவிட்டு வண்டியைப் பார்க்கிறார், கண் நிறைகிறது. வேறொன்றும் செய்வதில்லை. நான் இரண்டு முறை நிறுத்திப் பார்த்தேன்.

குலசேகரம் பால்வெட்டி:
பார்த்தேன், டீச்சர். வீட்டுக்காரியும் பார்த்தாள், தூண் பேச்சை அதன்பிறகு எடுக்கவில்லை. நாளுக்கு 800 ரூபாய், பஸ் காசு தனி என்று பேசியாகிவிட்டது. விடியுமுன் ரப்பர் மரங்களை வெட்டிவிட்டு நான் பஸ் ஏறிவிடுவேன். சிரட்டைகளில் பால் எடுப்பது அவள் பொறுப்பு. எனக்குச் சர்க்கரை நோய் இருப்பதால் காப்பியில் சீனி போடக்கூடாது என்று பையன்களிடம் சொல்லியிருக்கிறேன். எத்தனை டேக் போகுமோ, யார் கண்டார்கள்.